ஒன்றா, பலவா? நட்சத்திரக் கடல் பீச்சியைப் புரிந்துகொள்ள ஓர் எளிய விளக்கம்

பிளஸ் ஒன் விலங்கியலில் முதுகுநாணிகள் பாடம் வந்துவிட்டால் போதும், யாராவது ஒரு மாணவர் செல்போனில் பார்த்த வீடியோவைப் பற்றிக் கேட்டுவிடுவார். "தன் மூளையைத் தானே தின்னும் விலங்கு இருக்காமே சார்?" "அது சாகவே சாகாதாமே?" "நமக்கெல்லாம் அதுதான் மூதாதையாமே?" சேலத்தில் பாடம் எடுக்கும் எனக்கு இந்தக் கேள்விகள் பழகிப்போய்விட்டன. கேட்பதில் தப்பே இல்லை. ஆனால் அந்த வீடியோக்கள் சொல்வதில் கால் பங்கு உண்மை, முக்கால் பங்கு குழப்பம்.

குழப்பத்துக்கு வேர் ஒன்றுதான். அந்த வீடியோக்களில் வரும் விலங்கு கடல் பீச்சி. கடல் பீச்சிகளில் பல, காலனியாக வாழ்பவை. காலனி என்றதும் எறும்புப் புற்றையோ தேன்கூட்டையோ நினைத்துக்கொள்கிறோம். தனித்தனி உடல்கள் ஓரிடத்தில் கூடியிருப்பதாக எடுத்துக்கொள்கிறோம். கடல் பீச்சிகளின் காலனி அப்படிப்பட்டதில்லை. அதில் எது 'ஒரு விலங்கு' என்பதே யோசித்துச் சொல்ல வேண்டிய விஷயம். அதைச் சரியாகப் பிடித்துக்கொண்டால் மூளை, சாவு, மூதாதை எல்லாம் தானாகத் தெளிந்துவிடும். அதற்காக ஒரே ஓர் இனத்தை எடுத்துக்கொண்டு மெதுவாகப் பார்ப்போம்: பொட்ரில்லஸ் ஷ்லோசெரி என்னும் நட்சத்திரக் கடல் பீச்சி.

முதலில் ஆளைப் பார்ப்போம்

கடல் பீச்சி என்பது ஒரு தனி இனத்தின் பெயர் இல்லை. பாடப் புத்தகத்தில் அசிடியன் என்று வருகிற, ஏறத்தாழ 3,000 இனங்கள் கொண்ட பெரிய கூட்டத்தின் பொதுப்பெயர். தொட்டால் உடம்பைச் சுருக்கித் தண்ணீரைப் பீச்சும் என்பதால் அந்தப் பெயர். எல்லாமே கடல்நீரில் வாழ்பவை. ஏற்காடு ஏரியிலோ மேட்டூர் அணையிலோ எவ்வளவு தேடினாலும் ஒன்றுகூடக் கிடைக்காது. நன்னீரில் வாழும் அசிடியனே கிடையாது.

விலங்கியல் பட்டம் படித்தவர்களுக்கு இதில் ஒருவரை நன்றாகத் தெரியும். கல்லூரி ஆய்வகத்தில் ஃபார்மலின் பாட்டிலுக்குள் இரண்டு துளைகளோடு பழுப்பாக உட்கார்ந்திருக்கும் ஹெர்ட்மேனியாதான் அது. நம் நாட்டில் பல தலைமுறை மாணவர்கள் அதை அறுத்தும் வரைந்தும் படித்திருக்கிறார்கள். ஆனால் ஹெர்ட்மேனியா தனியாக வாழும் வகை. அதை மட்டுமே பார்த்துப் பழகியதால்தான் காலனி வகை நமக்குப் பிடிபடாமல் போகிறது என்று நினைக்கிறேன்.

பொட்ரில்லஸ் கரையோரத்து ஆழமில்லாத நீரில், பாறை, சிப்பி ஓடு, கடற்பாசி, துறைமுகத்தில் தொங்கும் கயிறு, படகின் அடிப்பக்கம் என்று எதன்மேலும் மெல்லிய, வழவழப்பான பூச்சாகப் படர்ந்திருக்கும். மஞ்சள், ஆரஞ்சு, ஊதா, கரும்பழுப்பு என்று நிறம் காலனிக்குக் காலனி மாறும். அந்தப் பூச்சுக்குள் சின்னச் சின்ன நட்சத்திரங்கள் பதித்த மாதிரி தெரியும். ஒவ்வொரு நட்சத்திரத்திலும் பெரும்பாலும் ஐந்திலிருந்து பதினைந்து வரை இதழ்கள். ஓர் இதழின் நீளம் சுமார் 2 மில்லிமீட்டர். இதழின் வெளிநுனியில் ஒரு துளை. நட்சத்திரத்தின் நடுவில் சற்றுப் பெரிதாக இன்னொரு துளை.

1750களில் யோஹான் ஆல்பர்ட் ஷ்லோசர் என்ற டச்சு மருத்துவர் இங்கிலாந்தின் ஃபால்மவுத் கடற்கரையில் இதைக் கண்டு எழுதினார். 1766-ல் பல்லாஸ் என்ற ஜெர்மன் விலங்கியலாளர் அவர் பெயரையே இதற்கு வைத்தபோது, மென்பவளங்களின் பேரினத்தில் கொண்டுபோய்ச் சேர்த்தார். அந்தக் காலத்து அறிஞர்கள் ஒரு நட்சத்திரம் முழுவதையும் ஒரே விலங்கு என்றும், இதழ்கள் அதன் உறுப்புகள் என்றும் நினைத்தார்கள். 1816-ல் பிரெஞ்சு விலங்கியலாளர் சவிஞி கூட்டு அசிடியன்களை அறுத்துப் பார்த்துத் தெளிவாக்கினார்: ஒவ்வோர் இதழும் வாய், செவுள், குடல் எல்லாம் உள்ள முழு உடல். நுண்ணோக்கியோடு உட்கார்ந்தவர்களுக்கே அரை நூற்றாண்டு பிடித்திருக்கிறது. அரை நிமிட வீடியோவில் மாணவர்களுக்குப் புரியவில்லை என்றால் அதில் அவர்கள் குற்றம் எதுவும் இல்லை.

லைன் வீடும் காலனியும்

சேலத்தில் அம்மாப்பேட்டை, குகை, பொன்னம்மாப்பேட்டைப் பக்கம் லைன் வீடுகள் பார்த்திருப்பீர்கள். ஒரே நீளக் கட்டடத்தில் ஆறு வீடு, எட்டு வீடு. ஒவ்வொன்றுக்கும் தனி வாசல், தனி அடுப்பு. ஆனால் இரண்டு வீட்டுக்கும் நடுவில் ஒரே சுவர். குழாய் பொது. எல்லா வீட்டுக் கழிவு நீரும் போய் விழுவது ஒரே சாக்கடையில்.

பொட்ரில்லஸ் நட்சத்திரமும் அந்த அமைப்புதான். ஓர் இதழ் என்பது ஒரு வீடு. இந்தச் சிறு உடலுக்கு ஸூவாய்டு என்று பெயர். வெளிநுனியில் உள்ள துளை அதன் வாசல், அதாவது வாய். உள்ளே அதற்கென்று தனி இதயம், தனிக் குடல், தனி நரம்பு முடிச்சு. நட்சத்திரத்தின் நடுவில் இருக்கும் பெரிய துளைதான் பொதுச் சாக்கடை. எல்லா ஸூவாய்டுகளும் வாய் வழியே தண்ணீரை உள்ளே இழுத்து, அதில் மிதக்கும் நுண்ணுயிர்களைச் செவுள் துளைகளில் சளி வலை போட்டு வடிகட்டிக்கொண்டு, மிச்சத் தண்ணீரையும் கழிவையும் அந்த ஒரே துளை வழியாக வெளியே தள்ளிவிடும். வடிகட்டும் அந்தச் சளியைச் சுரக்கிற பள்ளத்துக்கு எண்டோஸ்டைல் என்று பெயர். நம் கழுத்திலிருக்கும் தைராய்டு சுரப்பிக்கும் இதற்கும் பரிணாமத்தில் ஒரே தொடக்கம். அதுவும் அயோடினைப் பிடித்து வைத்துக்கொள்ளும்.

இதழ்களை எல்லாம் பொதிந்து வைத்திருக்கும் வழவழப்பான பொதுச் சுவருக்கு டியூனிக் என்று பெயர். அதில் செல்லுலோஸ் இருக்கிறது. அம்மாப்பேட்டைத் தறியில் ஓடும் பருத்தி நூலில் இருக்கிறதே, அதே பொருள். விலங்குகளில் செல்லுலோஸைத் தாமே தயாரிப்பவை இந்தக் கூட்டம் மட்டும்தான். வெகு காலத்துக்கு முன்னால் இவற்றின் மூதாதை ஒரு பாக்டீரியாவிடமிருந்து அதற்கான மரபணுவைப் பெற்றிருக்கிறது.

சரி, லைன் வீடு எதுவரை பொருந்தும்? குழாய்வரை பொருந்தும். அதற்கப்புறம் பொருந்தாது. லைன் வீட்டில் தண்ணீர் மட்டும்தான் பொது. இங்கே ரத்தமே பொது. காலனி முழுவதும் டியூனிக்குக்குள் ஒரே ரத்தக்குழாய் வலை ஓடுகிறது. ஒரு நட்சத்திரம் மட்டுமல்ல, பக்கத்து நட்சத்திரம், அதற்கடுத்தது எல்லாமே அதில் இணைந்திருக்கின்றன. காலனியின் விளிம்புக்கு வந்தால் இந்தக் குழாய்கள் விரல்நுனி மாதிரி உப்பி முடியும். அந்த உப்பிய நுனிகளுக்கு ஆம்புல்லா என்று பெயர். இந்தப் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேலை இருக்கிறது.

உயிருள்ள காலனியை நுண்ணோக்கியில் வைத்துப் பார்த்தால் ரத்த அணுக்கள் ஒரு குழாயில் வரிசையாக ஓடுவது நன்றாகத் தெரியும். டியூனிக் அவ்வளவு தெளிவாக ஒளியை விடும். கொஞ்ச நேரம் ஒரே திசையில் ஓடும். அப்புறம் வேகம் குறையும், தயங்கும், நிற்கும். நின்றுவிட்டது என்று நினைக்கும்போது அதே அணுக்கள் வந்த வழியே திரும்பி ஓட ஆரம்பிக்கும். கடல் பீச்சிகளின் இதயம் சில நிமிடங்களுக்கு ஒருமுறை துடிக்கும் திசையை மாற்றிக்கொள்ளும். நம் இதயத்தில் இருப்பது போன்ற அடைப்பிதழ்கள் இல்லாததால் இது முடிகிறது. முதல்முறை பார்க்கிறவர்கள் எல்லாரும் கண்ணை எடுத்துவிட்டு மறுபடியும் வைத்துப் பார்ப்பார்கள்.

லைன் வீட்டு உவமை உடையும் இன்னோர் இடமும் உண்டு. அங்கே எட்டு வீட்டிலும் எட்டுக் குடும்பம். இங்கே எல்லா ஸூவாய்டும் ஒரே முட்டையிலிருந்து வந்தவை, மரபணு அளவில் ஒன்றே. வெளியிலிருந்து யாரும் குடிவரவில்லை.

இதுவரை பார்த்ததைக் கோத்துக்கொள்வோம். ஸூவாய்டு என்பது முழு உறுப்புகள் கொண்ட சிற்றுடல். காலனி என்பது ஒரே மரபணு, ஒரே ரத்தம், ஒரே டியூனிக் கொண்ட ஸூவாய்டுகளின் தொகுப்பு. எறும்புப் புற்று போலத் தனித்தனி உடல்களின் கூட்டம் இல்லை.

வால் இருந்த நேரம்

இப்போது மூளைக்கும் மூதாதைக்கும் வருவோம்.

கருவுற்ற முட்டையிலிருந்து வெளிவரும் லார்வா, தவளையின் தலைப்பிரட்டையைப் போலவே தலையும் வாலுமாக நீந்தும். வாலுக்குள் முதுகுநாண் இருக்கும். முதுகுநாண் என்பது உடலைத் தாங்குவதற்காக முதுகுப்பக்கம் ஓடும் விறைப்பான தண்டு. நமக்கும் கருவாக இருக்கும்போது அது உண்டு, பிறகு அதன் இடத்தில் முதுகெலும்பு வந்துவிடுகிறது. லார்வாவுக்கு முதுகுநாணின் மேலே குழல் வடிவ நரம்பு வடமும், தலையில் சிறிய மூளையும், ஒளியை உணரும் உறுப்பும் இருக்கின்றன. 1866-ல் ரஷ்ய விலங்கியலாளர் அலெக்சாண்டர் கவலேவ்ஸ்கி இதைக் காட்டிய பிறகுதான், அதுவரை நத்தை, சிப்பிகளோடு சேர்த்து வைத்திருந்த அசிடியன்களை முதுகுநாணிகள் பக்கம் மாற்றினார்கள். ஐந்தே ஆண்டுகளில் டார்வின், மனிதனின் தோற்றம் பற்றிய தம் நூலில் இந்தக் கண்டுபிடிப்பை எடுத்துப் பேசினார். அவ்வளவு பெரிய செய்தி அது.

லார்வா சாப்பிடாது. சில நிமிடங்களோ சில மணி நேரமோ நீந்தும். அதற்குள் ஒட்ட ஓரிடம் கண்டுபிடித்தாக வேண்டும். கிடைத்ததும் தலையை வைத்து ஒட்டிக்கொள்ளும். பிறகு வால் உள்ளே இழுக்கப்படும். முதுகுநாண் கரையும். லார்வாவின் நரம்பு மண்டலத்தில் பெரும்பகுதி கலைக்கப்படும். உறுப்புகள் திசை திரும்பி, வடிகட்டித் தின்னும் உடலாக மாறும். லார்வாவில் இருந்த உயர்ந்த பண்புகள் முதிர்ந்த நிலையில் குறைந்துபோகும் இந்த மாற்றத்துக்குத்தான் பாடத்தில் பின்னோக்கு வளர் உருமாற்றம் என்று பெயர்.

'மூளையைத் தின்கிறது' என்ற பேச்சு இங்கிருந்துதான் கிளம்பியது. வாயால் எதையும் தின்னவில்லை. நீந்துவதற்கு வேண்டிய நரம்பு மண்டலம் கலைக்கப்படுகிறது, ஒட்டி வாழ வேண்டிய நரம்பு முடிச்சு அந்த இடத்தில் உருவாகிறது. முதிர்ந்த கடல் பீச்சிக்கு மூளையே இல்லை என்று சொல்வதும் சரியில்லை. அதன் இரண்டு துளைகளுக்கு நடுவில் நரம்பு முடிச்சு இருக்கிறது. தொட்டால் சட்டென்று சுருங்குகிறதே, அது வேலை செய்வதால்தான். பொட்ரில்லஸில் இதைவிடப் பெரிய சங்கதி ஒன்று இருக்கிறது. அடுத்த பகுதியில் வருகிறது.

மூதாதை விஷயத்துக்கு ஒரு வரி போதும். இன்று கடலில் இருக்கும் கடல் பீச்சி நமக்கு மூதாதை இல்லை, பங்காளி. அதற்கும் நமக்கும் பொதுவான மூதாதை ஒன்று எப்போதோ இருந்தது. அதிலிருந்து அவர்கள் ஒரு வழி, நாம் ஒரு வழி. எவ்வளவு நெருங்கிய பங்காளி என்பதில் மட்டும் புதுச் செய்தி உண்டு. மீனைப் போன்ற உடல் கொண்ட ஆம்ஃபியாக்ஸஸ்தான் முதுகெலும்பிகளுக்கு மிக நெருங்கிய சொந்தம் என்று வெகுநாள் நினைத்திருந்தார்கள். 2006 முதல் வந்த மரபணு ஒப்பீடுகள் அந்த இடத்தைக் கடல் பீச்சிகள் கூட்டத்துக்குக் கொடுத்துவிட்டன.

வாரா வாரம் ஒரு தலைமுறை

ஒட்டிக்கொண்ட லார்வா முதல் ஸூவாய்டாக மாறுகிறது. அதன் உடல் சுவரில் ஓரிடம் தடித்து, புடைத்து, மொட்டு வைக்கும். மொட்டு என்றால் முட்டையோ விந்தோ இல்லாமல் உடல் சுவரிலிருந்தே முளைக்கும் புது உடல். அந்தச் சின்ன மொட்டுக்குள் இதயம், குடல், செவுள், நரம்பு முடிச்சு எல்லாம் புதிதாக உருவாகும். அது முழுதாக வளர்வதற்கு முன்பே அதன் பக்கவாட்டில் அடுத்த மொட்டு வந்துவிடும். எனவே எந்த நேரத்தில் பார்த்தாலும் காலனியில் மூன்று தலைமுறை ஒன்றாக இருக்கும்: வாய் திறந்து தின்னும் பெரியவர்கள், அவர்களை ஒட்டி வளரும் மொட்டுகள், அந்த மொட்டுகளில் அரும்பும் குட்டி மொட்டுகள்.

இந்த இனத்தை மற்றப் பெரும்பாலானவற்றிலிருந்து பிரித்துக் காட்டும் விஷயம் இனிமேல்தான். தண்ணீர் 18 முதல் 20 டிகிரி செல்சியஸ் இருந்தால், ஏறத்தாழ வாரத்துக்கு ஒருமுறை, காலனியில் இருக்கும் பெரிய ஸூவாய்டுகள் அனைத்தும் ஒரே சமயத்தில் சாகத் தொடங்கும். ஒரு நட்சத்திரத்தில் மட்டும் இல்லை, காலனி முழுவதும். முதலில் வாய்கள் மூடும். தண்ணீர் ஓட்டம் நிற்கும். உடல்கள் சுருங்கும். மற்றதெல்லாம் அடங்கிய பின்னும் இதயம் கொஞ்ச நேரம் துடித்துக்கொண்டிருக்கும். செல்கள் கட்டளைக்குக் கட்டுப்பட்டவை போலத் தாமே மடியும். ரத்தத்தில் சுற்றும் விழுங்கு செல்கள் வந்து அந்த மிச்சங்களை வாரி எடுத்துக்கொள்ளும். சுமார் ஒன்றரை நாளில் பழைய உடல்கள் இருந்த தடமே இராது. அதே சமயம் காத்திருந்த மொட்டுகள் நகர்ந்து நட்சத்திரமாக அடுக்கிக்கொண்டு, வாய் திறந்து, தின்ன ஆரம்பித்துவிடும். குட்டி மொட்டுகள் மொட்டுகளின் இடத்துக்கு உயரும். இந்த ஒட்டுமொத்தக் கைமாற்றத்துக்கு டேக்ஓவர் என்று பெயர்.

லைன் வீட்டில் எல்லா வீட்டுப் பெரியவர்களும் ஒரே நாளில் போய்ச் சேர்ந்து, மறுநாள் காலையில் அவரவர் பிள்ளைகள் கதவைத் திறந்து அடுப்புப் பற்ற வைப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். கட்டடம், குழாய் எல்லாம் அப்படியே இருக்கும். போனவர்களின் உடல் பிள்ளைகளுக்கு உணவாகிறது என்பதைத்தான் எந்த லைன் வீட்டிலும் காட்ட முடியாது. இங்கே ஒரு துளிகூட வீணாவதில்லை.

மேலே மூளையைப் பற்றிச் சொன்னேன் அல்லவா? லார்வா தன் மூளையைக் கலைப்பது வாழ்க்கையில் ஒருமுறை. பொட்ரில்லஸ் காலனியோ வாரா வாரம் பழைய நரம்பு முடிச்சுகளை எல்லாம் கரைத்துவிட்டு அத்தனையையும் புதிதாகக் கட்டிக்கொள்கிறது. நூறு ஸூவாய்டு இருந்தால் நூறு நரம்பு முடிச்சு. இத்தனை முறை நரம்பு மண்டலம் உருவாவதையும் அழிவதையும் ஒரே உயிரியில் திரும்பத் திரும்பப் பார்க்க முடிகிறது என்பதால்தான் ஆய்வாளர்கள் இதைக் கண்ணாடித் தகட்டில் ஒட்ட வைத்து வளர்க்கிறார்கள். வீடியோ எடுப்பவர்கள் இதை விட்டுவிட்டு லார்வாவையே பிடித்துத் தொங்குவது எனக்கு ஆதங்கம்தான்.

அப்போ சாகாதா?

சாகும். ஸூவாய்டு வாரக்கணக்கில் சாகிறது. காலனி அதைத் தாண்டி வாழ்கிறது, ஆனால் அதற்கும் முடிவு உண்டு. கடலில் பெரும்பாலான காலனிகள் சில மாதங்களிலேயே முடிந்துவிடும், சில ஓராண்டைத் தாண்டும். ஆய்வகத்தில் நன்றாகக் கவனித்து வளர்த்தால் பல ஆண்டுகள் வாழும். மொட்டு வைக்கும் வேகம் குறைவது, காலனி சிறுத்துப்போவது என்று முதுமையின் அடையாளங்களும் தெரியும்.

'சாகாத விலங்கு' என்ற பட்டம் உண்மையில் வேறொருவருக்கு உரியது. டர்ரிடாப்சிஸ் டோர்னீ என்னும் ஜெல்லிமீன், முதிர்ந்த நிலையிலிருந்து இளம் நிலைக்குத் திரும்பக்கூடியது. அதற்குச் சொன்னதைப் பகிர்ந்து பகிர்ந்து கடல் பீச்சிக்கும் ஒட்டிவிட்டார்கள். இரண்டும் உறவே இல்லாத விலங்குகள்.

மொட்டு வைப்பதோடு இனப்பெருக்கம் முடிந்துவிடுவதில்லை. ஒவ்வொரு ஸூவாய்டிலும் முட்டையும் விந்தும் உருவாகும். ஒரு வாரச் சுழற்சியில் முட்டை முந்திக்கொள்ளும், விந்து பிறகுதான் தயாராகும். அதனால் பெரும்பாலும் வேறு காலனியின் விந்துதான் முட்டையைக் கருவுறச் செய்கிறது. கரு தாய் ஸூவாய்டுக்குள்ளேயே வளர்ந்து, அந்த ஸூவாய்டு கரைந்துபோவதற்குச் சற்று முன்னதாக லார்வாவாக வெளியேறிவிடும்.

சுருக்கமாகச் சொன்னால், காலனி பெரிதாவது மொட்டுகளால், புதுக் காலனி பிறப்பது லார்வாவால். வாரம் ஒருமுறை சாவது ஸூவாய்டு, காலனி அல்ல.

இரண்டு காலனிகள் முட்டிக்கொண்டால்

என்னைக் கேட்டால் இந்த உயிரியைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டியதில் முதலிடம் இதற்குத்தான்.

ஒரே சிப்பி ஓட்டில் இரண்டு காலனிகள் படர்கின்றன. இரண்டும் வளர்ந்து வளர்ந்து ஒருநாள் விளிம்பு முட்டுகிறது. முன்னால் சொன்ன ஆம்புல்லாக்கள்தான் முதலில் தொட்டுக்கொள்ளும். பிறகு இரண்டில் ஒன்று நடக்கும். சில சோடிகளில் நடுவிலிருந்த டியூனிக் கரைந்து, ஆம்புல்லாக்கள் ஒன்றோடொன்று திறந்துகொண்டு, இரண்டு காலனியின் ரத்தமும் கலந்துவிடும். வேறு சில சோடிகளில் தொட்ட இடத்தில் செல்கள் செத்துக் கரும்புள்ளிகள் தோன்றும். இரண்டும் அந்த இடத்தைத் துண்டித்துக்கொண்டு நடுவே எல்லை வைத்துக்கொள்ளும். ஓரிரு நாட்களில் முடிவு தெரிந்துவிடும்.

இதை முதலில் சோதித்து எழுதியவர் பேன்கிராஃப்ட், 1903-ல். பிறகு ஜப்பானில் ஓகா, வாதானபே இருவரும், இத்தாலியில் சபாதினும் விதியைக் கண்டுபிடித்தார்கள். விதி எளிமையானது. இந்தத் தீர்ப்பைச் சொல்லும் ஒரு மரபணுப் பகுதி ஒவ்வொரு காலனியிலும் இரண்டு பிரதிகளாக இருக்கிறது, தாயிடமிருந்து ஒன்று, தந்தையிடமிருந்து ஒன்று. மரபணுவின் மாற்று வடிவம் ஒவ்வொன்றுக்கும் அல்லீல் என்று பெயர். இரண்டு காலனிகளுக்கும் ஓர் அல்லீலாவது பொதுவாக இருந்தால் சேரும். ஒன்றுகூடப் பொதுவாக இல்லை என்றால் மறுக்கும்.

தாளில் போட்டுப் பாருங்கள். தாய்க்கு க, ங. தந்தைக்கு ச, ஞ. பிள்ளைகள் கச, கஞ, ஙச, ஙஞ என்று நான்கு வகையாக வரலாம். கச-வும் கஞ-வும் சந்தித்தால் க பொது, சேரும். கச-வும் ஙஞ-வும் சந்தித்தால் எதுவும் பொதுவில்லை, உடன்பிறந்தவர்களாக இருந்தும் சேராது. கணக்குப் பார்த்தால் உடன்பிறந்த இருவர் சேரும் வாய்ப்பு நான்கில் மூன்று. தாயும் பிள்ளையும் என்றால் எப்போதும் சேரும். முன்பின் தெரியாத இருவருக்கு? ஒரே கடற்பகுதியிலேயே இந்த அல்லீல்கள் பத்துக்கணக்கில், சில இடங்களில் நூற்றுக்கணக்கில்கூட இருக்கின்றன. எனவே அந்நியர் சேர்வது மிக அரிது. லார்வா வெகுதூரம் நீந்தாமல் அருகிலேயே ஒட்டிக்கொள்வதால், பக்கத்தில் இருப்பவர் சொந்தமாக இருக்க வாய்ப்பு அதிகம். அதனால் கடலில் இந்தச் சேர்க்கை நிஜமாகவே நடக்கிறது.

மூளையென்று பெரிதாக எதுவுமில்லாத, எதிர்ப்பொருள் தயாரிக்கத் தெரியாத ஓர் உயிரி, 'நம்மாள், வேற்றாள்' என்று செல்லளவில் பிரித்தறிகிறது. சிறுநீரகம் மாற்றும்போது நம் உடல் அந்நிய உறுப்பை மறுப்பதும் இதே வகைக் கேள்விதான். இரண்டிலும் மரபணுக்கள் வேறு, வழிமுறையும் வேறு. ஆனால் கேள்வி ஒன்று. 2005-ல் இதற்குப் பொறுப்பான மரபணு என்று ஒன்றை அடையாளம் கண்டார்கள். 2013-ல் அதே பகுதியில் இன்னொரு மரபணு இதைவிடத் துல்லியமாகத் தீர்ப்பைக் காட்டுகிறது என்று வேறோர் ஆய்வு சொன்னது. அதே ஆண்டில் இந்த இனத்தின் முழு மரபணுத் தொகுப்பும் வெளியானது.

சேர்ந்த பிறகு என்ன ஆகும் என்பது இன்னும் சுவாரசியம். இரண்டு மரபணுத் தொகுப்பு கொண்ட செல்கள் ஒரே உடலில் கலந்து வாழும் நிலைக்குக் கைமெரா என்று பெயர். கலந்த ரத்தத்தில் இருவரின் குருத்தணுக்களும் சுற்றுகின்றன. குருத்தணு என்பது வேறு வகைச் செல்லாக மாறும் திறனை இன்னும் இழக்காத செல். இவற்றில் ஒரு காலனியினுடையவை மற்றதன் மொட்டுகளுக்குள் புகுந்து, அங்கே முட்டையும் விந்துமாக மாறிவிடக்கூடும். வெளியில் பார்த்தால் உடல் இவருடையது, பிறக்கும் பிள்ளைகள் அவருடையவை. சில கைமெராக்களில் சில வாரங்களில் ஒருவருடைய ஸூவாய்டுகள் எல்லாம் கரைந்துபோய் மற்றவருடையவை மட்டும் மிஞ்சும்.

சேர்வதில் லாபம் இருக்கிறது. உடல் பெரிதாகும், இடம் பிடிக்கலாம். ஆபத்தும் இருக்கிறது, தன் உடலை அடுத்தவர் பிள்ளைகளுக்கு விட்டுக்கொடுக்க நேரலாம். சொந்தத்தோடு மட்டுமே சேரும் விதி ஏன் இவ்வளவு கறாராக இருக்கிறது என்பதற்கு இதைத்தான் காரணமாகச் சொல்கிறார்கள். இழந்தாலும் பாதியாவது குடும்பத்துக்குள் இருக்கும்.

இந்த இடத்தில்தான் 'ஒன்றா, பலவா?' என்ற கேள்விக்கு நேரான விடை சொல்ல முடியும். உடலுறுப்புகளை வைத்து எண்ணினால் ஒவ்வொரு ஸூவாய்டும் ஒன்று. ரத்தத்தை வைத்து எண்ணினால் காலனி ஒன்று. மரபணுவை வைத்து எண்ணினால், சேர்ந்துபோன காலனி இரண்டாகவோ மூன்றாகவோ இருக்கலாம். நம் உடலில் இந்த மூன்று கணக்கும் ஒரே விடை தருவதால் நாம் அவற்றைத் தனித்தனியாக யோசித்ததே இல்லை.

துண்டிலிருந்து முழுசு

பொட்ரில்லஸின் நெருங்கிய சொந்தமான பொட்ரில்லாய்டெஸ் லீச்சீயில் ஸூவாய்டு, மொட்டு எல்லாவற்றையும் வெட்டி எடுத்துவிட்டு, ரத்தக்குழாய்த் துண்டு ஒன்றை மட்டும் விட்டுவைத்தால் போதும், ஓரிரு வாரத்தில் அதிலிருந்து முழு உடல் ஒன்று எழுந்துவிடும். பொட்ரில்லஸ் ஷ்லோசெரியிலும் சில நிலைமைகளில், முக்கியமாக டேக்ஓவர் சமயத்தில், இது நடப்பதைக் காட்டியிருக்கிறார்கள்.

கேட்க அதிசயமாக இருக்கும் இதே திறன் துறைமுகங்களில் தொல்லை. கப்பல் அடியில் ஒட்டிக்கொண்டு இவை உலகமெங்கும் பரவியிருக்கின்றன. சுரண்டித் தண்ணீரிலேயே போட்டால் துண்டுகள் மறுபடி ஒட்டி வளரும். வேல்ஸில் ஹோலிஹெட் துறைமுகத்துக்கு டிடெம்னம் வெக்ஸில்லம் என்ற காலனி இனம் வந்து சேர்ந்தபோது, 2009-ல் மிதவைகளைப் பிளாஸ்டிக் உறையால் மூடிக்கட்டி அதற்கு மூச்சு முட்ட வைத்துப் பார்த்தார்கள். கொஞ்ச நாளில் திரும்பி வந்துவிட்டது.

மருந்து பற்றி

'கடல் பீச்சியில் புற்றுநோய்க்கு மருந்து' என்ற செய்தியும் அடிக்கடி வருகிறது. அது பொட்ரில்லஸ் இல்லை. கரீபியன் கடலில் சதுப்புநில மரங்களின் வேர்களில் வளரும் எக்டீனாசிடியா டர்பினாட்டா என்ற இன்னொரு காலனி இனம். அதிலிருந்து கிடைத்த டிராபெக்டெடின் என்ற மருந்துக்கு 2007-ல் ஐரோப்பாவிலும் 2015-ல் அமெரிக்காவிலும் அனுமதி கிடைத்தது. மென்திசுப் புற்று போன்ற குறிப்பிட்ட சில வகைகளுக்குத்தான் அது. எல்லாப் புற்றுநோய்க்கும் இல்லை. அந்தப் பொருளைத் தயாரிப்பதும் கடல் பீச்சிக்குள் குடியிருக்கும் ஒரு பாக்டீரியாதான். இன்று மருந்துக்காக யாரும் கடல் பீச்சியைப் பிடிப்பதில்லை. வேறொரு பாக்டீரியாவை நொதிக்க வைத்துக் கிடைக்கும் பொருளிலிருந்து வேதிமுறையில் செய்கிறார்கள்.

நேரில் பார்க்க

சேலத்திலிருந்து கடலைத் தொட நாலைந்து மணி நேரம் ஆகும். ராமேஸ்வரமோ தூத்துக்குடியோ போகும்போது கொஞ்சம் குனிந்து பார்த்தால் காலனி வகைக் கடல் பீச்சிகள் நிச்சயம் கண்ணில் படும். பாறை இடுக்கில், நாளாகத் தண்ணீரில் கிடந்த கயிற்றில், செத்த சிப்பி ஓட்டின் அடிப்பக்கத்தில் தேடுங்கள். தூத்துக்குடிப் பக்கம் அதிகம் தென்படுவது டிடெம்னம் சம்மதோடெஸ். தன் கழிவு உருண்டைகளையே டியூனிக்குக்குள் சேர்த்து வைத்துக்கொள்ளும் இனம் என்பதால் பார்க்கச் சேறு அப்பியது மாதிரி இருக்கும். நானே முதலில் கண்டபோது கையால் துடைக்கப் போனேன். வழுவழுவென்று கெட்டியாக ஒட்டியிருந்தது, வரவில்லை.

மன்னார் வளைகுடாத் தீவுகள் கடல்வாழ் தேசியப் பூங்கா. அங்கே எதையும் எடுக்கக் கூடாது. கரையில் ஒதுங்கிய ஓட்டில் இருப்பதைப் பார்த்தாலே போதும். ஓட்டை ஒரு கிண்ணத்தில் கடல்நீரோடு வைத்து, அசைக்காமல் பத்து நிமிடம் விடுங்கள். மூடிய வாய்கள் ஒவ்வொன்றாகத் திறக்கும். கைவில்லை இருந்தால் சிறு துளைகளையும், அங்கொன்று இங்கொன்றாக இருக்கும் பெரிய துளைகளையும் பிரித்துப் பார்க்கலாம். சின்னது எல்லாம் வாய், பெரியது பொதுச் சாக்கடை. ஊசிமுனையால் மெதுவாக ஒரு வாயைத் தொடுங்கள். அது மட்டும் மூடுகிறதா, பக்கத்தில் இருப்பவையும் சேர்ந்து மூடுகின்றனவா என்று கவனியுங்கள். பார்த்து முடித்ததும் ஓட்டை எடுத்த இடத்திலேயே, எந்தப் பக்கம் கீழே இருந்ததோ அந்தப் பக்கம் கீழே இருக்கும்படி வைத்துவிடுங்கள். வெயில் பட்டால் காலனி தாங்காது.